முகம் யாருடையது?

ஓர் இளம்பெண்ணின் முகத்தை இன்றைய சமூகம் எத்தனை முறை கேட்டு வாங்குகிறது என்று எண்ணிப் பார்த்தால் வியப்பே மிஞ்சும். கொங்கு நாட்டையே எடுத்துக்கொள்வோம். நூற்பாலையில் வேலைக்குச் சேரும் பெண்ணின் கழுத்தில் அவளுடைய புகைப்படம் ஒட்டிய அடையாள அட்டை தொங்குகிறது. திருமணப் பேச்சு எழுந்தவுடன் அவளுடைய புகைப்படம் ஒன்று கைமாறி ஊர் ஊராகச் செல்கிறது. பதினெட்டு வயது நிறைந்ததும் வாக்காளர் பட்டியலில் அவள் முகம் அச்சேறுகிறது. ஆலைக்கு ஒரு முகம், மாப்பிள்ளை வீட்டாருக்கு ஒரு முகம், அரசுக்கு ஒரு முகம். இம்மூன்று இடத்திலும் அவளுடைய முகம் வேண்டப்படுவது அவளைப் பிறரிடமிருந்து பிரித்தறிவதற்காகவே. அவள் எந்த ஆலையைச் சேர்ந்தவள், யாருடைய மகள், எந்த வாக்குச்சாவடிக்கு உரியவள் என்பவை அதனால் தெரிந்துவிடுகின்றன. அவள் யார் என்னும் வினா மட்டும் எஞ்சி நிற்கிறது.

அவ்வினாவைக் கேட்பதற்கென்றே ஒரு கலை உண்டு. அதுவே உருவப்படக் கலை. ஓவியர் ஒருவர் ஓர் இளம்பெண்ணை எதிரே அமர்த்திப் பல மணி நேரம் பார்த்துத் தீட்டும்போது, அடையாள அட்டை ஒரு நொடியில் முடித்துவிடும் செயலை மெல்ல, மிக மெல்லச் செய்கிறார். கட்டுப்பாடு மிகுந்த சமூகங்களில் இளம்பெண்ணின் முகத்தைத் தீட்ட முனைந்தவர்கள் எதைக் கண்டார்கள், எதைக் காணத் தவறினார்கள், அவ்வரலாற்றிலிருந்து தமிழ் முஸ்லிம்களாகிய நாம் அறிந்துகொள்ள வேண்டியது என்ன என்பதை இக்கட்டுரையில் ஆராய்வோம்.

கொங்கு நாட்டுப் பின்புலம்

கோயம்புத்தூரில் இராபர்ட் ஸ்டேன்ஸ் 1888ஆம் ஆண்டு நூற்பு, நெசவு ஆலையைத் தொடங்கியதிலிருந்து இம்மண்ணின் பெண்களுடைய வாழ்க்கை பஞ்சோடும் நூலோடும் பிணைந்துவிட்டது. 1930களில் பைக்காரா மின்சாரம் வந்தபின் ஆலைகள் பெருகின. பிற்காலத்தில் திருப்பூரின் பின்னலாடைத் தொழில் உலகச் சந்தையை எட்டியபோது, தென்மாவட்டங்களிலிருந்தும் பிற பகுதிகளிலிருந்தும் பதின்வயதுப் பெண்கள் ஆலை விடுதிகளுக்கு அழைத்துவரப்பட்டார்கள். சுமங்கலித் திட்டம் என்ற பெயரில் நடைபெற்ற அந்த ஒப்பந்த முறையில், மூன்று ஆண்டு உழைப்பின் முடிவில் திருமணச் செலவுக்கென ஒரு தொகை மொத்தமாகத் தரப்படும் என்று சொல்லப்பட்டது. அத்திட்டத்தின் பெயரே அதன் உள்ளக்கிடக்கையை வெளிப்படுத்தி விடுகிறது. உழைக்கும் பெண்ணை உழைப்பாளி என அழைக்க மனம் வராத சமூகம், அவளை வருங்கால மனைவி என்ற பெயரால் அழைத்து வேலை வாங்கியது.

இம்மண்டலத்து முஸ்லிம்கள் ஒரே வார்ப்பில் அமைந்தவர்கள் அல்லர். தமிழ் பேசும் இராவுத்தர்கள், தக்கனி உருது பேசுவோர், கேரளத்திலிருந்து வந்து வணிகம் செய்வோர் எனப் பல பிரிவினர் கோவை, பொள்ளாச்சி, தாராபுரம், ஈரோடு ஆகிய ஊர்களில் வாழ்கின்றனர். 1997 நவம்பர்க் கலவரமும் 1998 பிப்ரவரி 14ஆம் நாள் குண்டுவெடிப்புகளும் கோவை முஸ்லிம்களின் அன்றாட வாழ்வில் ஆழமான அச்சத்தை விதைத்தன. அச்சம் சூழ்ந்த காலத்தில் ஒரு சமூகம் முதலில் தன் பெண்மக்களின் நடமாட்டத்தையே குறுக்கிக்கொள்கிறது. இஃது எம்மதத்தவர்க்கும் பொதுவான வரலாற்று உண்மை. ஆதலால் வீட்டு வாயிலுக்கும் வீதிக்கும் இடைப்பட்ட அந்தச் சில அடித் தொலைவு ஓர் இளம்பெண்ணுக்கு எவ்வளவு நீண்டது என்பதை இவ்வட்டாரத்து வாசகர்களுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

இத்தொலைவோடு இன்னொன்றும் சேர்கிறது. ஓவியத்தில் பட்டம் வழங்கும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் தமிழகத்தில் சென்னையிலும் கும்பகோணத்திலுமே உள்ளன. அவிநாசிலிங்கனார் 1957இல் தோற்றுவித்த மகளிர் கல்லூரி முதலாகப் பெண்கல்விக்குப் புகழ்பெற்ற நகரம் கோவை. அவிநாசி சாலையில் கஸ்தூரி சீனிவாசன் அறக்கட்டளையின் கலைக்கூடமும் இருக்கிறது. ஓவியங்களைக் காண இடமுண்டு. எனினும் அரசுக் கல்லூரியில் ஓவியம் பயில விரும்பும் கொங்கு நாட்டுப் பெண் ஊரைவிட்டு வெளியேறியே ஆகவேண்டும்.

உருவம் பற்றிய பழைய விவாதம்

முகத்தைத் தீட்டுவது என்றவுடன் நம் உள்ளத்தில் எழும் முதல் வினா மார்க்கம் சார்ந்தது. உருவம் வரைவோரைக் கண்டிக்கும் நபிமொழிகள் ஆதாரபூர்வமான தொகுப்புகளில் இடம்பெற்றிருப்பதை யாரும் மறுப்பதில்லை. அவற்றின் அடிப்படையில் இமாம் நவவீ போன்றோர் உயிருள்ளவற்றின் உருவத்தை, நிழல் விழுவதாயினும் விழாததாயினும், வரையலாகாது என்று தீர்ப்பளித்தனர். அதே வேளையில் அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் சிறு வயதில் பொம்மைகள் வைத்து விளையாடியதும், அவற்றுள் சிறகுள்ள குதிரை ஒன்று இருந்ததும், உருவங்கள் பொறித்த திரை கிழிக்கப்பட்டுத் தலையணைகளாக மாறியதும் அறிவிப்புகளில் உள்ளன. தட்டையான பரப்பில் வரையப்படும் உருவங்களை மாலிகீ மத்ஹபைச் சேர்ந்த அறிஞர் பலர் வெறுக்கத்தக்கது என்ற அளவோடு நிறுத்திக்கொண்டனர். ஆக, வணங்கப்படும் உருவம், படைப்பில் இறைவனோடு போட்டியிடும் நோக்கம், ஆடம்பரம், சாதாரணப் பயன்பாடு ஆகியவற்றுக்கிடையே வேறுபாடு காணும் முயற்சி தொடக்கக் காலத்திலிருந்தே நடந்துவந்துள்ளது.

புகைப்படக் கருவி வந்தபோது இவ்விவாதம் புத்துயிர் பெற்றது. எகிப்தின் முஹம்மத் அப்துஹு 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சிசிலித் தீவுக்குச் சென்று வந்தபின், முன்னோரின் வாழ்வை அறிவதற்குப் படங்கள் எவ்வளவு துணைபுரிகின்றன என்று எழுதினார். அதே நாட்டின் முஃப்தி முஹம்மத் பகீத் அல்முதீயீ, புகைப்படம் என்பது புதிதாக ஓர் உருவத்தைப் படைப்பதன்று, இருக்கும் நிழலைச் சிறைப்பிடிப்பதே என்று வாதிட்டார். பின்னர் ஹஜ் பயணத்துக்கே கடவுச்சீட்டும் அதில் முகப்படமும் கட்டாயமான நிலையில், இவ்வாதம் ஏட்டளவில் தொடர்ந்தாலும் நடைமுறையில் முடிவுக்கு வந்துவிட்டது எனலாம்.

தமிழகத்தில் இது நீதிமன்றம் வரை சென்றதுண்டு. புகைப்படம் இணைந்த வாக்காளர் பட்டியலில் முகத்திரை அணியும் முஸ்லிம் பெண்களின் படங்களை வெளியிடலாகாது என்று மதுரையிலிருந்து தொடுக்கப்பட்ட வழக்கில், ஆள்மாறாட்டத்தைத் தடுக்கும் அந்நடவடிக்கை மதச் சுதந்திரத்துக்கு முரணானதன்று எனச் சென்னை உயர் நீதிமன்றம் 2006இல் தீர்ப்பளித்தது. 2010இல் மேல்முறையீடு உச்ச நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்தபோது அங்கும் மனுதாரருக்குச் சாதகமான கருத்து எழவில்லை. அவ்வழக்கின் வாதங்களைப் பின்தொடர்ந்தவர்கள் ஒன்றைக் கவனித்திருக்கலாம். பெண்ணின் முகம் பற்றி அரசு பேசியது, ஆண்கள் பேசினார்கள், சட்ட வல்லுநர்கள் பேசினார்கள். அம்முகத்துக்கு உரியவர்களின் குரலே எல்லாவற்றினும் மெலிதாக ஒலித்தது.

அரண்மனையின் தாள்கள்

முஸ்லிம் அரசவைகளில் உருவப்படக் கலை ஓங்கி வளர்ந்தது என்பது அறிந்த செய்தி. ஜோர்தானின் குஸைர் அம்ரா மாளிகையில் உமய்யாக்கள் காலத்துச் சுவரோவியங்கள் இன்றும் உள்ளன. இந்தியாவில் அக்பரும் ஜஹாங்கீரும் இக்கலையைப் பேணினர். ஜஹாங்கீர் காலத்து உருவப்படங்களில் அமீர்களின் தாடி நரையும் முகச்சுருக்கமும் கூடத் துல்லியமாகப் பதிவாகியுள்ளன.

அதே ஓவியத் தாள்களில் பெண்களின் முகங்களைத் தேடினால் நிலைமை வேறு. அவை பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தவை. மீன்விழி, கூரிய மூக்கு, பக்கவாட்டுத் தோற்றம் எனக் கவிதை மரபிலிருந்து பெற்ற இலக்கணமே வண்ணமாயிற்று. காரணம் எளியது. அந்தப்புரத்துப் பெண்களை ஆண் ஓவியர்கள் நேரில் கண்டு தீட்ட வாய்ப்பில்லை. விதிவிலக்காகச் சுட்டப்படுவது நூர்ஜஹான் துப்பாக்கியுடன் நிற்கும் ஓவியம். அபுல் ஹஸன் வரைந்த அப்படம் இராம்பூர் ரஸா நூலகத்தில் இருக்கிறது. அதில் நாம் காண்பது ஒரு செயலில் ஈடுபட்டிருக்கும் பெண்ணை. அரசியின் தனித்தன்மை அவள் கையிலுள்ள கருவியிலும் நிமிர்ந்த நிலையிலும் வெளிப்படுகிறது.

இன்னொரு செய்தி நம் வாசகர்களிடையே போதிய அளவு பரவவில்லை. அக்காலத் தாள்களில் பெண் ஓவியர்களின் பெயர்களும் உள்ளன. ஆகா ரிஸாவின் மாணவியும் மீர் தகீயின் மகளுமான நாதிரா பானு ஐரோப்பியச் செதுக்குப் படங்களைப் பார்த்து வரைந்த ஓவியங்கள் குல்ஷன் தொகுப்பில் இடம்பெற்றுள்ளன. ஸஹீஃபா பானு என்னும் பெயரும் அதே காலத்து ஓவியங்களில் காணப்படுகிறது. நானூறு ஆண்டுகளுக்கு முன்பே முஸ்லிம் பெண்ணொருத்தி ஆசிரியரிடம் முறையாகப் பயின்று, தந்தையின் பெயரையும் ஆசிரியரின் பெயரையும் தன் பெயரோடு சேர்த்துத் தாளில் பொறித்தாள் என்பதற்கு இவை சான்று. பெண் தூரிகை பிடிப்பது மேலைநாட்டு இறக்குமதி என்று சொல்வோர்க்கு இஃது ஒன்றே போதுமான விடையாகும்.

கீழ்நோக்கிய விழிகள்

இந்தியாவில் இளம்பெண்ணின் உள்ளத்தை உருவப்படத்தின் கருப்பொருளாக்கிய பெருமை அம்ரிதா ஷேர்கில்லைச் சாரும். 1913இல் புடாபெஸ்டில் பிறந்தவர். தந்தை சீக்கியப் பிரபு உம்ராவ் சிங், தாய் ஹங்கேரியர். பாரிஸில் பயின்ற காலத்தில், 1932இல் அவர் வரைந்த இளம்பெண்கள் என்னும் படம் மறு ஆண்டு அந்நகரத்துப் பெருங்கண்காட்சியில் தங்கப்பதக்கம் பெற்றது. அதில் ஒருத்தி நிமிர்ந்து அமர்ந்திருக்கிறாள், மற்றவளின் முகத்தை அவிழ்ந்த கூந்தல் மறைக்கிறது. அவர் பின்னாளில் இந்தியாவில் தீட்டப்போகும் முகங்களுக்கு அப்படம் ஒரு முன்னோட்டம் போல் தோன்றுகிறது.

1934ஆம் ஆண்டின் இறுதியில் இந்தியா திரும்பிய அவர், அடுத்த ஆண்டு மூன்று பெண்கள் என்னும் ஓவியத்தைத் தீட்டினார். உறவுக்காரப் பெண்கள் மூவரே அதற்கு அமர்ந்தவர்கள். நகையில்லை, பின்னணியில் வீடில்லை, மரமில்லை. மூவரும் நெருங்கி அமர்ந்திருந்தும் ஒருவரையொருவர் பார்க்கவில்லை, நம்மையும் பார்க்கவில்லை. கைகள் வேலையின்றி மடியில் கிடக்கின்றன. வரப்போகும் ஏதோ ஒன்றுக்காக, தாம் தேர்ந்தெடுக்காத ஒன்றுக்காக, அவர்கள் காத்திருக்கிறார்கள் என்பது மட்டும் புலப்படுகிறது. 1937இல் பம்பாய்க் கலைச் சங்கத்தின் தங்கப்பதக்கம் இவ்வோவியத்துக்குக் கிடைத்தது.

அம்ரிதாவின் வரலாற்றில் தெற்கிற்குத் தனியிடம் உண்டு. 1936 இறுதியிலும் 1937 தொடக்கத்திலும் அவர் அஜந்தா, எல்லோரா, ஹைதராபாத் வழியே திருவனந்தபுரம், கன்னியாகுமரி, கொச்சி வரை பயணம் செய்தார். அப்பயணத்தின் விளைவாக 1937இல் பிறந்தவையே மணமகளின் ஒப்பனை, பிரமசாரிகள், சந்தைக்குச் செல்லும் தென்னிந்தியக் கிராமத்தினர் ஆகிய மூன்று ஓவியங்கள். மணமகளின் ஒப்பனையில் நடுவே மணப்பெண் அமர்ந்திருக்கிறாள், பிற பெண்கள் அவளை அலங்கரிக்கிறார்கள். மணவீட்டின் ஆரவாரமோ களிப்போ எந்த முகத்திலும் தென்படவில்லை. அஜந்தாவின் கோடும் மண்ணின் நிறமும் கூடி, விழாவுக்குள் உறைந்திருக்கும் மௌனத்தைக் காட்டுகின்றன.

இப்படங்களைக் குறித்து ஒரு மறுப்பு எழுவதுண்டு. பாரிஸில் பயின்ற, வசதி படைத்த குடும்பத்துப் பெண் ஒருவர் எளிய இந்தியப் பெண்களின் முகத்தில் துயரத்தை மட்டும் கண்டது சரியா என்பதே அது. மறுப்பில் உண்மை இருக்கிறது. நம் வீடுகளில் கல்யாணத்துக்கு முந்தைய இரவில் மருதாணி இடும்போது சிரிப்பும் கேலியும் பாட்டும் நிறைந்திருப்பதை நாம் அறிவோம். அம்ரிதாவின் பெண்கள் சிரிப்பதில்லை. எனினும் சிரிப்பு ஓய்ந்து அனைவரும் உறங்கியபின் அம்மணப்பெண் மட்டும் விழித்திருக்கும் நாழிகையை அவர் கண்டிருக்கிறார் என்பதை மறுக்க இயலாது. 1941 டிசம்பர் 5ஆம் நாள் லாகூரில், தம் 28ஆம் வயதில் அவர் மறைந்தார். அவருடைய ஓவியங்கள் இன்று நாட்டின் கலைச் செல்வங்களாகச் சட்டப்படி பாதுகாக்கப்படுகின்றன.

காவிரிக் கரையின் வெளிச்சம்

தமிழகத்தில் ஐரோப்பிய முறையிலான ஓவியக் கல்வி அலெக்சாண்டர் ஹண்டர் 1850இல் சென்னையில் நிறுவிய கலைப்பள்ளியுடன் தொடங்கியது. மக்களிடையே பெண்முகத்தைப் பரப்பியவர் இரவி வர்மா. 1894இல் அவர் பம்பாயில் தொடங்கிய அச்சகம் தேவியரையும் காவிய நாயகியரையும் வீட்டுச் சுவர்களுக்குக் கொண்டுவந்தது. சிவந்த நிறம், நிறைந்த நகை, அடங்கிய பார்வை என அவர் வகுத்த முகமே நாட்காட்டிகள் வழியே அழகின் அளவுகோலாயிற்று. அவர்தம் தங்கை மங்களாபாய் தம்புராட்டியும் தேர்ந்த ஓவியரே. அண்ணனின் உருவத்தை அவர் தீட்டியிருக்கிறார். அண்ணனின் புகழில் நூறில் ஒரு பங்கும் தங்கைக்குக் கிட்டவில்லை.

அந்த நாட்காட்டி முகத்துக்கு எதிர்முகம் காட்டியவராக நம் காலத்தில் ஓவியர் இளையராஜாவைக் கருதலாம். 1979இல் கும்பகோணம் அருகே பிறந்து, கும்பகோணத்திலும் சென்னையிலும் கவின்கலை பயின்றவர். 2021 ஜூன் மாதம் கொரோனா பெருந்தொற்றுக்கு இரையானபோது அவருக்கு வயது 42. எண்ணெய் வண்ணத்தில் அவர் தீட்டிய தமிழ்க் கிராமத்துப் பெண்களை முதன்முறை பார்ப்போர் புகைப்படம் என்றே எண்ணுவர். கதவோரம், சன்னல், முற்றம், அடுப்பங்கரை ஆகியவையே அவருடைய களங்கள். ஓட்டின் இடுக்கிலிருந்தோ திறந்த கதவிலிருந்தோ வரும் வெளிச்சம் ஒரு பெண்ணின் கன்னத்தில் விழும் அந்தக் கணத்தை அவர் மீண்டும் மீண்டும் தீட்டினார். தம் குடும்பத்தாரையும் ஊராரையும் அமர்த்தி வரைந்ததால் அம்முகங்களில் அயலாரைக் கண்ட கூச்சம் தெரிவதில்லை. கறுத்த மேனியும் நைந்த சேலையும் எண்ணெய் வண்ண ஓவியத்தின் நடுவிடத்தைப் பெற்றது தமிழ் ஓவிய வரலாற்றில் சிறிய நிகழ்வன்று.

அவ்வோவியங்களில் நாம் கருத வேண்டியது அப்பெண்கள் இருக்கும் இடம். அவர்கள் பெரும்பாலும் நிலைப்படியில் நிற்கிறார்கள், அல்லது சன்னலை ஒட்டி அமர்ந்திருக்கிறார்கள். வெளிச்சம் வெளியிலிருந்து வருகிறது, பெண் உள்ளே இருக்கிறாள். இதைக் கிராம வாழ்வின் எழில் என்று மட்டும் இரசித்துவிட்டுச் செல்வோர் பலர். ஓவியர் தம் பெண்கள்மீது கொண்ட பரிவு ஐயத்துக்கு அப்பாற்பட்டது. ஆயினும் அப்பரிவே சில வேளைகளில் பெண்ணை நிலைப்படியிலேயே நிறுத்திவிடுகிறதோ என்று கேட்கத் தோன்றுகிறது. மாநகரத்து வரவேற்பறையில் அப்படத்தை மாட்டியவர், தாம் இழந்த கிராமத்தை அதில் காண்கிறார். படத்திலிருக்கும் பெண்ணோ அதே கிராமத்திலிருந்து பேருந்தேறிக் கல்லூரிக்கோ ஆலைக்கோ போக விரும்பியிருக்கக்கூடும். அவ்விருப்பத்தைத் தீட்ட வேறொரு கை வேண்டும். அது பெரும்பாலும் அப்பெண்ணின் கையாகவே இருக்கும்.

முகம் காட்டாத தன்னுருவம்

அத்தகைய கை ஒன்று லாகூரில் எழுந்தது. ஷாஸியா சிக்கந்தர் 1969இல் அந்நகரில் பிறந்தார். ஜியாவுல் ஹக் ஆட்சி செய்த 1977 முதல் 1988 வரையிலான ஆண்டுகளில், பெண்களுக்கு எதிரான சட்டங்களும் தடைகளும் இறுகிய சூழலில் வளர்ந்தவர். 1875இல் மேயோ கலைப்பள்ளியாகத் தொடங்கிய லாகூர் தேசியக் கலைக் கல்லூரியில் சேர்ந்தபோது, சகமாணவர் பெரிதாக மதிக்காத சிற்றோவியப் பிரிவை அவர் தேர்ந்தெடுத்தார். சுற்றுலாப் பயணியருக்கு விற்கும் நகல் வேலை என்றே பலர் அதை நினைத்திருந்த காலம் அது. ஆசிரியர் பஷீர் அஹ்மதிடம் பழைய முறைப்படியே பயின்றார். தாள்களை ஒட்டி மெருகேற்றி வஸ்லி செய்வது, அணில் மயிர்த் தூரிகை, தேயிலைச் சாயம் என ஒவ்வொன்றையும் பொறுமையோடு கற்றார்.

படிப்பின் நிறைவாக 1989-90இல் அவர் தீட்டியதே சுருள் என்னும் ஓவியம். அகலம் ஐந்தடிக்கும் மேல். ஏட்டின் ஒரு பக்கத்தில் அடங்க வேண்டிய சிற்றோவியத்தை அவர் ஒரு வீட்டின் நீளத்துக்கு விரித்தார். வெண்ணிற ஆடை அணிந்த ஓர் இளம்பெண் அறை அறையாக அவ்வீட்டினுள் செல்கிறாள். குடும்பத்தார் தத்தம் அலுவல்களில் இருக்கிறார்கள். அவள் கிட்டத்தட்ட ஆவியைப் போல, ஒளி ஊடுருவும் உருவமாக, எவர் கண்ணிலும் நிலைக்காமல் நகர்கிறாள். அவள் முகம் எந்த இடத்திலும் நமக்குக் காட்டப்படுவதில்லை. இறுதியில் அவள் ஓவியப் பலகையின் முன் நின்று ஒரு படத்தை வரைகிறாள். வரையப்படும் உருவம் அவளேதான்.

உருவப்படக் கலையின் வரலாற்றில் இஃது ஓர் அரிய திருப்பம் என நாம் கருதுகிறோம். நூர்ஜஹானின் படத்தை ஓர் ஆண் வரைந்தார். மூன்று பெண்களை ஒரு பெண் வரைந்தபோதும் அவர்கள் பார்க்கப்பட்டவர்களாகவே இருந்தனர். இங்கோ பார்க்கப்படுபவளும் பார்ப்பவளும் ஒருத்தியே. முகத்தைக் காட்டுவதா மறைப்பதா என்ற பழைய வழக்கை அவர் வேறொரு மன்றத்துக்கு மாற்றிவிட்டார். எதைக் காட்டுவது, எப்போது காட்டுவது, யாருக்குக் காட்டுவது என்பதைத் தீர்மானிக்கும் உரிமை வரைபவளின் கையில் இருக்கிறது. முகம் மறைந்திருந்தும் அவளுடைய ஆளுமை அவ்வோவியம் முழுவதும் நிறைந்து நிற்கிறது.

மேலைநாடு இவ்வுரிமையை முழுமையாக வழங்கிவிட்டது என்று எண்ணுவதற்கில்லை. 1993இல் அமெரிக்கா சென்று மேற்படிப்பு முடித்து, 2006இல் மெக்கார்தர் நல்கை பெற்று உலகப் புகழடைந்த ஷாஸியாவின் சாட்சி என்னும் பெண்சிலை, 2024 ஜூலையில் ஹூஸ்டன் பல்கலைக்கழக வளாகத்தில் தலை துண்டிக்கப்பட்டது. அதைச் செப்பனிட வேண்டாம், அப்படியே நிற்கட்டும் என்று அவர் முடிவெடுத்தார். பெண்ணின் முகத்தைக் கண்டு சினங்கொள்வது எந்த ஒரு மதத்துக்கோ நாட்டுக்கோ மட்டும் உரிய நோயன்று.

எழுத்தில் தீட்டிய முகங்கள்

தமிழ் முஸ்லிம் சமூகத்தில் உருவப்படம் செய்ய வேண்டிய பணியை எழுத்தே செய்திருக்கிறது. நாகூரின் சித்தி ஜுனைதா பேகம் 1938இல் காதலா கடமையா என்னும் நாவலை வெளியிட்டபோது, தமிழ் முஸ்லிம் பெண்ணொருத்தி கதைமாந்தரைப் படைக்கும் துணிவை முதன்முதலாகக் காட்டினார். துவரங்குறிச்சியில் பிறந்து, பருவமடைந்தபின் பள்ளியிலிருந்து நிறுத்தப்பட்டு, வீட்டாருக்குத் தெரியாமல் எழுதத் தொடங்கிய கவிஞர் சல்மா, புனைபெயரைத் திரையாக்கிக்கொண்டு 2004இல் இரண்டாம் ஜாமங்களின் கதையைத் தந்தார். அந்நாவலின் இளம்பெண்களை நாம் ஓவியத்தில் காண்பதுபோல் காண முடிகிறது. அவர்களும் சன்னலோரத்தில் நிற்கிறார்கள். ஆனால் சன்னலுக்கு உள்ளே நின்று எழுதியவர் என்பதால், அவர்கள் எதைப் பார்க்கிறார்கள் என்பதும் நமக்குத் தெரிகிறது. அந்நாவல் நம்மவரிடையே கண்டனத்தையும் சந்தித்தது. 2001இல் பேரூராட்சித் தலைவராகி, 2025இல் மாநிலங்களவை உறுப்பினரான அவருடைய முகம் இன்று தமிழகம் அறிந்த முகம்.

எழுதுவதற்கு ஒரு தாளும் இரவும் போதும். தைலவண்ணத்தை ஒளித்துவைக்க முடியாது. அதன் வாசனையே காட்டிக்கொடுத்துவிடும். நம் பெண்களிடையே கவிஞர்கள் தோன்றிய அளவுக்கு ஓவியர்கள் தோன்றாமைக்குக் காரணம் மார்க்கத் தடை மட்டுமன்று. கற்பதற்கு ஊரைவிட்டுச் செல்ல வேண்டும், வரைவதற்கு அறை வேண்டும், வண்ணத்துக்குப் பணம் வேண்டும், எதிரே ஒருவர் அமர வேண்டும். இவற்றுள் ஒன்றுகூட மறைவில் நடக்கக்கூடியதன்று.

ஒப்புதல் என்னும் அளவுகோல்

முகத்தைத் தீட்டும் கலைக்கு நம் மரபிலிருந்தே ஓர் அளவுகோல் கிடைக்கிறது. தந்தை தம் விருப்பத்துக்கு மாறாக மணமுடித்து வைத்ததாக கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்கள் முறையிட்டபோது, நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அத்திருமணத்தை இரத்துச் செய்தார்கள். விடுதலை பெற்ற பரீரா (ரலி) அவர்களிடம் கணவரோடு சேர்ந்து வாழுமாறு பரிந்துரைத்தபோது, இது கட்டளையா என அவர் கேட்டார். பரிந்துரையே என்று அறிந்ததும் மறுத்துவிட்டார். அம்மறுப்பு மதிக்கப்பட்டது. மணம் பேசும் பெண்ணைப் பார்த்துக்கொள்ளுமாறு முகீரா (ரலி) அவர்களுக்கு அறிவுறுத்தப்பட்டதும் இணக்கம் நிலைப்பதற்காகவே. இவை அனைத்திலும் பெண்ணின் ஒப்புதலே நடுநாயகமாக விளங்குகிறது.

இதே அளவுகோலைக் கலைக்கும் பொருத்திப் பார்க்கலாம். அடையாள அட்டைக்கு ஒப்புதல் ஒரு சடங்கு. மறுத்தால் வேலையில்லை, வாக்கில்லை. மணப்பெண்ணின் புகைப்படம் அவள் அறியாமலேயே பல கைகளுக்குச் செல்வதுண்டு. கைப்பேசி பெருகியபின் அது எங்கே போய் நிற்கும் என்பது அவளுடைய அத்தாவுக்கும் தெரியாது. இவற்றோடு ஒப்பிட்டால், ஓவியருக்கு எதிரே தன் விருப்பத்தோடு அமர்பவளும், தன் உருவத்தைத் தானே வரைபவளும் நாணத்துக்கும் மானத்துக்கும் அதிகப் பாதுகாப்போடு இருக்கிறார்கள். எழுந்து செல்லும் உரிமை அவர்களுக்கு உண்டு. முகம் வரைவதைத் தவிர்க்க விரும்பும் பேணுதலுடையவள் முகம் காட்டாமலேயே தன்னை வரையலாம் என்பதற்கு லாகூரின் சுருள் முன்மாதிரியாக இருக்கிறது. அரபு எழுத்தணியையும் பூவேலையையும் நாடுவோர்க்கும் இடமுண்டு. எவ்வழியை மேற்கொள்வது என்பதை அவளே தெளிந்து தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதே நாம் வலியுறுத்துவது.

கொங்கு நாட்டு முஸ்லிம் சமூகம் செய்யத்தக்க செயல்கள் சில உள்ளன. சமூகத்தின் அறக்கட்டளைகள் மருத்துவம், பொறியியல் மாணவியருக்கு வழங்கும் உதவித்தொகையில் ஒரு சிறு பங்கைக் கவின்கலை பயில்வோர்க்கும் ஒதுக்கலாம். பெண்கள் மத்ரஸாக்களிலும் மகளிர் கல்லூரிகளிலும் எழுத்தணியும் ஓவியமும் கற்பிக்கப்படலாம். மேற்கு மாவட்டங்களுக்கென அரசு கவின்கலைக் கல்லூரி ஒன்று கோவையில் அமைய வேண்டும் என்ற கோரிக்கையைப் பிற சமூகத்தாரோடு இணைந்து எழுப்பலாம். அது நிறைவேறினால் ஆலைத் தொழிலாளியின் மகளுக்கும் கடைவீதி வணிகரின் மகளுக்கும் ஒருங்கே பயன்படும். வீட்டிலிருந்து காலையில் சென்று மாலையில் திரும்பும் தொலைவில் கல்லூரி இருந்தால், மகளை அனுப்பத் தயங்கும் பெற்றோர் பலரின் தயக்கம் நீங்கும்.

நாதிரா பானு தன் பெயரைத் தாளில் பொறித்தபோது, அவளுக்குக் கற்பித்த ஓர் ஆசிரியரும் அவள் பெயரோடு தம் பெயர் சேர்வதைப் பெருமையாகக் கருதத்தக்க ஒரு தந்தையும் இருந்தார்கள். அந்த இருவருக்கும் இணையானவர்கள் இன்று நம் ஊர்களில் எத்தனை பேர் என்பதைப் பொறுத்தே, நம் பெண்மக்களின் முகங்கள் அட்டைகளோடு நின்றுவிடுமா, அவர்கள் தம் கையால் வரையும் ஓவியங்களுக்கும் செல்லுமா என்பது அமையும்.